நிலவிரும்பு தருகிறோம் என்று சொல்லும் கடையை நம்பாதீர்கள்: என் 42,000 ரூபாய் போய்விட்டது

ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை. மட்டக்களப்பு நகருக்குள் இருக்கும் ஒரு போன் கடை, நான் விளையாடும் போன் கேமில் வரும் நிலவிரும்பைத் தருவதாகச் சொல்லி என்னிடம் 42,000 ரூபாய் வாங்கிக்கொண்டு ஏமாற்றிவிட்டது. பெயர் போடவில்லை. ரீலோட் போட்டு, போன் திருத்தி, கூடவே கேம் டொப்அப்பும் செய்யும் கடை. கல்லடி, ஆரையம்பதி, காத்தான்குடிப் பக்கத்துப் பொடியன்கள் நிறையப் பேர் இப்படியான கடைகளுக்குத்தான் போகிறார்கள். எப்படித் தப்புவது என்று கடைசியில் சொல்கிறேன், முதலில் நடந்ததைக் கேளுங்கள்.

இந்த கேமை விளையாடாதவர்களுக்காக: அந்த உலகத்தில் இரண்டு நிலாக்கள். சின்ன நிலா பெரிய நிலாவின் நிழலுக்குள் போகும் இரவில் மட்டும் செத்த எரிமலையின் வாயில் நிலவிரும்பு உறையும். விடிவதற்குள் எடுக்காவிட்டால் ஆவியாகிவிடும். மற்ற வாள்கள் பேய்க்கவசத்தில் பட்டதும் தூளாகும். நிலவிரும்பில் அடித்த வாள் மட்டும்தான் உள்ளே இறங்கும். ஒரு வாளுக்கு ஏழு கட்டி வேண்டும். நானும் மச்சானும் இரவிரவாக முழித்திருந்து இரண்டு கட்டி சேர்த்திருந்தோம். மீதியை கேமுக்குள்ளேயே டொலருக்கு வாங்கலாம், அதற்கு கார்ட் வேண்டும். என்னிடம் கார்ட் இல்லை. ஆனால் வாங்கியவர் இன்னொருவருக்குப் பரிசாக அனுப்பலாம். கடைக்காரர்கள் புகுந்து விளையாடுவது இந்த இடத்தில்தான்.

விளையாட்டுச் சாமானுக்கு 42,000 ரூபாயா என்று கேட்பவர்கள் கேட்கட்டும். பின்னேரங்களில் பிள்ளைகளுக்கு ரியூசன் கொடுத்துச் சேர்த்த காசு அது. ஒரு பொருளைத் தருவதாகச் சொல்லிக் காசு வாங்கினால் அந்தப் பொருள் என்னிடம் நிற்க வேண்டும், அவ்வளவுதான்.

கடையில் இருந்த அண்ணன் முதலில் காசைப் பற்றிப் பேசவே இல்லை. "தம்பி எவடம்?" என்றார். கல்லடி என்றேன். தெருவைக் கேட்டார், சொன்னேன். "ரீச்சர்ட மகனா நீங்க? உங்கட அம்மாட்டதான் நான் ஆறாம் வகுப்பு படிச்ச!" என்று எழும்பி வந்து கதிரை எடுத்துப் போட்டார். பிளேன்டீ வந்தது. தன் போனைத் திறந்து காட்டினார். பையில் வரிசையாக நிலவிரும்பு, அந்த நீல ஒளி திரையில் மின்னுகிறது. ஒரு கட்டியைக் காசே வாங்காமல் என் கணக்குக்கு அனுப்பினார். "இத வெச்சிருங்க. நாளைக்கும் கிடந்தா மிச்சத்துக்கு வாங்க. ரீச்சர்ட மகன்ட காசில நான் கை வைப்பனா?" என்றார். மறுநாளும் அந்தக் கட்டி என் பையில் அப்படியே கிடந்தது. கட்டி 8,400 ரூபாய்ப்படி ஐந்துக்கும் 42,000 ரூபாயை அவர் சொன்ன வங்கிக் கணக்கில் போட்டேன். கணக்கு கடையின் பெயரில் இல்லை, வேறொரு ஆளின் பெயரில் இருந்தது. கேட்டதற்கு "அது நம்மட ஆள்தான்" என்றார். பில் கேட்டேன். "இதுக்கெல்லாம் பில் வராது தம்பி."

மிச்சம் நாலும் வந்தன. என்னுடைய இரண்டையும் சேர்த்து வாளை அடித்தேன். மச்சான் போனில் சந்தோசத்தில் கத்தினான். சில நாளில் வாள் காணாமல் போனது. கணக்கைத் திறந்தால் ஒரே ஒரு அறிவித்தல்: அந்த ஐந்து கட்டிகளையும் வாங்கிய ஆள் கொடுத்த காசைத் திருப்பி எடுத்துவிட்டாராம், ஆகவே அவற்றால் செய்த பொருள் நீக்கப்பட்டதாம், என் கணக்கும் முடக்கப்பட்டதாம். எங்கள் சொந்தக் கட்டிகள் இரண்டும் அந்த வாளோடு போய்விட்டன.

தந்திரம் இதுதான். கூகுள் பிளேயில் வாங்கியதற்கு 48 மணித்தியாலத்துக்குள் காசைத் திருப்பிக் கேட்க வழி இருக்கிறது. பொருளை வாங்கி, உங்களுக்கு அனுப்பிவிட்டு, அங்கே போய்த் திருப்பிக் கேட்கிறார்கள். கார்ட் வழியாகவும் வங்கியில் பிணக்குச் சொல்லிக் காசை மீளப் பெறலாம். அவர்களுக்கு ஒரு சதம் செலவில்லை. உங்கள் காசு முழுக்க லாபம்.

கடைக்குப் போனேன். "சேவர் அப்டேட் நடக்குது, வரும்" என்றார். வரவில்லை. அடுத்த முறை "நீங்க வேற ஆக்களிட்டயும் வாங்கியிருப்பீங்க, அதால வந்த பிரச்சினை" என்றார். பிறகு முதலாளி கொழும்புக்குப் போய்விட்டாராம். வட்ஸ்அப்பில் ஸ்கிரீன்ஷொட் அனுப்பினேன். பார்த்தார், பதில் இல்லை. கடைசியாக நேரே நின்று கேட்டபோது சொன்னார்: "நான் அனுப்பினது வந்ததா இல்லையா? வந்தது. அதோட என்ட வேலை முடிஞ்சுது." அம்மா போன் எடுத்துக் கேட்டதற்கு "ரீச்சர், இது பொடியன்கள்ட விளையாட்டு, நீங்க இதில தலைபோடாதீங்க" என்று வைத்துவிட்டார். படிப்பித்த ரீச்சருக்குச் சொல்லும் பதிலா இது? அம்மாவின் பெயரைச் சொல்லித்தானே என்னிடம் 42,000 ரூபாய் வாங்கினார்!

கேம் நிறுவனத்துக்கு எழுதினால், வெளியாட்களிடம் வாங்குவது விதிக்கு மாறு என்று இயந்திரம் எழுதிய பதில் வருகிறது. அப்படியானால் வாசலில் விலைப்பலகை தொங்கவிட்டு விற்கிறவனை யார் கேட்பது?

விளக்கமாக எழுத இப்போது பொறுமை இல்லை. சுருக்கமாகச் சொல்கிறேன். முதலில் ஒன்றைக் காசு வாங்காமல் அனுப்பி ஆசை காட்டுகிறவனை நம்பவே வேண்டாம். கடையின் பெயரில் இல்லாத கணக்குக்குக் காசு போடாதீர்கள். பில் தராவிட்டால் எழும்பி வந்துவிடுங்கள். காசு போட்ட வங்கிச் சிட்டையையும் வட்ஸ்அப் பேச்சையும் அழிக்காதீர்கள். 1977-க்கு அழைத்தால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையிடம் முறையிடலாம், நானும் அதைத்தான் செய்யப்போகிறேன்.

இந்த மாதிரிக் கடையில் ஏற்கெனவே நிலவிரும்பு வாங்கியவர்கள் இருந்தால் அதை இன்னும் வாளாக அடிக்க வேண்டாம். நீங்களாகச் சேர்த்த கட்டிகளை அதோடு கலக்கவும் வேண்டாம், இன்றைக்கே வேறாக எடுத்து வையுங்கள்.