மாடித்தோட்டம் அமைத்துத் தருகிறோம் என்று வருபவர்களிடம் பணம் கொடுக்கும் முன் ஒரு பையைக் கொட்டிக் காட்டச் சொல்லுங்கள்

கடந்த வாரம் மடிப்பாக்கத்தில் எங்கள் தெருவில் ஒரு பச்சை வேன் வந்து நின்றது. மூன்று வீடு தள்ளி இருக்கும் அக்கா வீட்டு மாடியை இரண்டு பேர் டேப் பிடித்து அளந்துகொண்டிருந்தார்கள். வேனில் எழுதியிருந்த பெயர் புதிது. அளந்தவர்களில் ஒருவருடைய முகம் மட்டும் எனக்கு நன்றாகத் தெரியும். 2023-இல் எங்கள் மாடியை அளந்தவர் அவர்தான். நான் ஓடிப்போய்ச் சொல்வதற்குள் அக்கா 10,000 ரூபாய் முன்பணம் கொடுத்துவிட்டார்.

ஆடி பிறந்துவிட்டது. விதைக்கிற ஆசை எல்லோருக்கும் வரும் நேரம். இன்னும் எத்தனை வீடுகளுக்குப் போவார்களோ என்ற பதற்றத்தில்தான் இதை எழுதுகிறேன். நிறுவனத்தின் பெயரை இங்கே போடவில்லை. புகார் நடந்துகொண்டிருக்கிறது, பெயரையும் அவர்கள் மாற்றிக்கொள்கிறார்கள். அவர்கள் வேலை செய்த விதத்தைத் தெரிந்துகொண்டால் எந்தப் பெயரில் வந்தாலும் அடையாளம் தெரியும்.

2023 மார்ச்சில் நாங்கள் இந்த ஏற்பாட்டைச் செய்தோம். என் மாமியார் விழுப்புரம் பக்கம் கிராமத்தில் வளர்ந்தவர். மாமா போன பிறகு எங்களோடுதான் இருக்கிறார். கடையில் வாங்கும் கீரையை மூன்று முறை அலசினாலும் அவருக்கு மனசு ஒப்பாது. "எதுல வளர்ந்துச்சோ, என்ன அடிச்சாங்களோ" என்பார். என் பெண்ணுக்கு அப்போது மூன்று வயது. அவளுக்குக் கொடுக்கும் கீரையாவது நம் வீட்டில் வளர்ந்ததாக இருக்கட்டும் என்று நானும் என் கணவரும் முடிவு செய்தோம். இருவரும் வேலைக்குப் போகிறோம், மண் கலக்க நேரம் இல்லை. அதனால் ஆளை அழைத்தோம்.

15 அங்குலப் பைகள் 30, மேலே நிழல்வலை, சொட்டுநீர்க் குழாய், விதைகள், ஆறு மாதத்துக்கு மாதம் ஒரு முறை வந்து பராமரிப்பு. எல்லாம் சேர்த்து 46,000 ரூபாய். வந்த தம்பி நன்றாகப் பேசினார். முட்டைக்கோஸ், காலிஃபிளவர், கேரட், பீன்ஸ் எல்லாம் வருடம் முழுக்க வரும் என்றார். "நீங்க தண்ணி மட்டும் விட்டா போதும் மேடம், மத்தது எங்க பொறுப்பு." மண் கலவை பற்றிக் கேட்டேன். "தென்னைநார்க் கழிவும் மண்புழு உரமும்தான் மேடம். பஞ்சு மாதிரி லைட்டா இருக்கும், மாடிக்கு ஒண்ணும் ஆகாது" என்றார்.

பைகளை நிரப்பியது ஒரு வேலை நாளில். நான் அலுவலகத்தில் இருந்தேன். மூட்டை மூட்டையாக வெளிப் படிக்கட்டு வழியே ஏற்றினார்கள் என்று அத்தை சொன்னார். வெயிலில் வேலை செய்கிறார்களே என்று அவர்களுக்கு மோர் கரைத்துக் கொடுத்திருக்கிறார். சாயங்காலம் நான் போய்ப் பார்த்தபோது 30 பைகளும் வரிசையாக நின்றன. மேலே கறுப்பாக, பொலபொலவென்று இருந்தது. மணிக்கட்டு வரை கையை விட்டுப் பார்த்தேன், மெத்தென்று இருந்தது. மீதிப் பணத்தை அன்றைக்கே அனுப்பிவிட்டேன். முழங்கை வரை கையை விட்டிருந்தால் இந்தப் பதிவுக்கே வேலை இருந்திருக்காது.

விதையைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம். ஒரு சீட்டும் ஒட்டாத பிளாஸ்டிக் கவர்களில் வந்தன. விதைப் பாக்கெட்டில் முளைப்புத்திறன் எத்தனை சதவீதம், எந்தத் தேதியில் சோதித்தது, எதுவரை செல்லும் என்று போட்டிருக்க வேண்டும். அது எனக்கு அப்போது தெரியாது. சென்னையில் பங்குனி வெயிலில் முட்டைக்கோஸும் காலிஃபிளவரும் போடச் சொல்பவர் விவசாயம் தெரிந்தவராக இருக்க முடியாது என்பதும் தெரியாது. அவை குளிர்காலப் பயிர்கள். கோஸ் இலை விட்டது, உருண்டை கட்டவே இல்லை. கேரட் முளைத்த சுவடே இல்லை. கத்தரியும் வெண்டையும் ஒரு சாண் வளர்ந்து நின்றுவிட்டன. புதிதாக வந்த இலைகளில் நரம்பு மட்டும் பச்சையாகவும் மற்ற இடமெல்லாம் மஞ்சளாகவும் இருந்தது. படம் எடுத்து அனுப்பினேன். டானிக் என்று ஒன்றை 350 ரூபாய்க்கு விற்றார்கள்.

இத்தோடு போயிருந்தால் கைக்காசு போனது என்று விட்டிருப்பேன். ஆகஸ்டில் நடந்ததைத்தான் என்னால் இன்றும் மன்னிக்க முடியவில்லை.

அத்தை தனியாகப் போட்ட அரைக்கீரையும் அவரையும்தான் எங்கள் மாடியில் உருப்படியாக வந்தவை. அவரைக் கொடியில் அசுவினி பிடித்தது. பராமரிப்புக்கு வந்தவர் ஒரு லிட்டர் பாட்டிலைக் கொடுத்தார். மூலிகைப் பூச்சிவிரட்டி, வேப்பெண்ணெயும் பஞ்சகவ்யமும் கலந்தது, குழந்தை இருக்கும் வீட்டில் பயமில்லாமல் அடிக்கலாம் என்றார். பாட்டிலில் லேபிள் இல்லை. அவரே தண்ணீரில் கலந்து அடித்தார், பக்கத்தில் இருந்த கீரைப் பைகள் மீதும் பட்டது. மண்ணெண்ணெய் மாதிரி ஒரு நெடி. அரை மணி நேரத்துக்குள் அசுவினி கொத்துக் கொத்தாக உதிர்ந்தது. அத்தைக்கு ஒரே சந்தோஷம். மறுநாள் காலையில் கொடியடியில் ஏழெட்டுத் தேனீக்கள் செத்துக் கிடந்ததையும் அவர்தான் பார்த்தார். அதற்குள் முந்தின நாள் ராத்திரியே அந்தக் கீரையை மசித்து என் பெண்ணுக்கு ஊட்டியாகிவிட்டது.

பிள்ளைக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் அந்த இரண்டு நாளும் நான் தூங்கவில்லை.

பிறகு தோட்டக்கலைத் துறை அலுவலர் ஒருவரிடம் பாட்டிலைக் காட்டினேன். அவர் சொன்னது இது. வேப்பெண்ணெய் மருந்து அரை மணியில் பூச்சியைக் கொல்வதில்லை. அதிலுள்ள அசாடிராக்டின் பூச்சியைத் தின்னவிடாமல், வளரவிடாமல் செய்யும். பலன் தெரிய நாள் பிடிக்கும். கடையில் விற்கும் வேம்பு மருந்தில் அசாடிராக்டின் எத்தனை சதவீதம் என்று அச்சிட்டிருக்கும். இந்தியாவில் எந்தப் பூச்சிமருந்தாக இருந்தாலும் 1968-ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிச் சட்டப்படி பதிவு செய்து, லேபிள் ஒட்டித்தான் விற்க வேண்டும். நஞ்சின் அளவைக் காட்டும் சாய்சதுரக் குறி அதில் இருக்கும். சிவப்பு என்றால் மிகக் கடுமையானது, அடுத்து மஞ்சள், நீலம், கடைசியாகப் பச்சை. எங்கள் பாட்டிலில் எந்தக் குறியும் இல்லை. அதில் என்ன இருந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கடைக் கீரைக்குப் பயந்து 46,000 ரூபாய் செலவழித்த வீட்டில், பெயர் தெரியாத மருந்தை எங்கள் கையாலேயே குழந்தைக்குக் கொடுத்திருக்கிறோம்.

அதோடு அவர்களை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டோம். டிசம்பரில் மிக்ஜாம் புயல் வந்தது. தெருவில் தண்ணீர் வடிந்த பிறகுதான் மாடியைக் கவனித்தோம். பைகளில் சேறு மாதிரி தண்ணீர் நின்றது, செடிகள் எல்லாம் அழுகல். கீழே சமையலறைக் கூரையில் இரண்டு அடி அகலத்துக்கு ஈரம் பூத்திருந்தது. எங்கள் வீடு 1998-இல் கட்டியது. செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் போட்டு மேலே தட்டோடு பதித்த மாடி. பைகளை ஸ்டாண்டு இல்லாமல் தட்டோட்டின் மீதே வைத்திருந்தார்கள். வடிகால் துளை வழியே வேர் இறங்கி ஓட்டின் இணைப்புகளுக்குள் போயிருந்தது.

பொங்கலுக்கு முன்னால் பைகளைக் காலி செய்ய முயன்றோம். ஒரு பையை இரண்டு பேரால் அசைக்க முடியவில்லை. சாய்த்துக் கொட்டியபோதுதான் விஷயம் தெரிந்தது. மேலே நான்கைந்து அங்குலம்தான் தென்னைநார்க் கலவை. அதற்குக் கீழே முழுவதும் செம்மண்ணும் உடைந்த செங்கல்லும் சிமெண்டுக் கட்டிகளும் பழைய சுவர்ப் பூச்சும். ஒரு பையில் டைல்ஸ் துண்டு கிடந்தது. எங்கோ இடித்த வீட்டின் குப்பையை எங்கள் தலைக்கு மேல் அடுக்கியிருக்கிறார்கள். அந்தக் கட்டிகள் மேல் அத்தை வினிகர் ஊற்றச் சொன்னார், அப்படியே நுரைத்தது. சுண்ணாம்பு. மண்ணில் சுண்ணாம்பு ஏறினால் இரும்புச்சத்து இருந்தும் செடியால் எடுக்க முடியாது. இளம் இலை மஞ்சளானதற்குக் காரணம் அதுதான். டானிக்கால் அது சரியாகியிருக்காது.

கனத்தையும் பார்த்துவிடுவோம் என்று பழைய பேப்பர் வாங்குபவரிடம் தராசு வாங்கி, 10 லிட்டர் வாளியில் அந்த ஈரமண்ணை நிறுத்தோம். வாளியைக் கழித்து 17 கிலோ. 15 அங்குலப் பையில் சுமார் 40 லிட்டர் கொள்ளும். மேலே இருந்த லேசான கலவைக்குக் கனத்தைக் குறைத்துக் கணக்கிட்டாலும் ஒரு பை 55 கிலோவுக்கு மேல். 30 பைகள் சேர்ந்து ஒன்றரை டன்னைத் தாண்டும். பொதுப்பணித் துறையில் இருந்து ஓய்வு பெற்ற என் சின்ன மாமனார் வந்து பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார். ஆட்கள் ஏறிப் புழங்கும் மொட்டைமாடிக்கு இந்தியத் தரநிலை 875-இன்படி ஒரு சதுர மீட்டருக்கு 150 கிலோ என்று கணக்கு வைப்பார்களாம். எங்கள் மாடியின் நடுவில், ஒட்டி ஒட்டி, சதுர மீட்டருக்கு ஆறு பைகள். 330 கிலோவுக்குக் குறையாது. "உடனே இடிஞ்சு விழாதும்மா, ஆனா வருஷக்கணக்கா இப்படிக் கனத்தையும் ஈரத்தையும் தாங்கினா கம்பி துருப்பிடிக்கும்" என்றார்.

போன் செய்தேன். முதலில் எடுத்தவர், "செடிக்குத்தான் மேடம் கியாரண்டி, மண்ணுக்குக் கிடையாது" என்றார். அதன் பிறகு எடுக்கவே இல்லை. அவர்கள் கொடுத்திருந்த தாளை எடுத்துப் பார்த்தால் அது பில்லே இல்லை, எஸ்டிமேட் என்று போட்டிருக்கிறது. ஜிஎஸ்டி எண்ணும் இல்லை. பணம் அனுப்பிய வங்கிப் பதிவும் வாட்ஸப் உரையாடலும்தான் எங்களிடம் இருந்த சாட்சி. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் பதிவு செய்தோம், அந்தப் பக்கம் பதில் இல்லை. இப்போது மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போயிருக்கிறோம். கொடுத்த தொகை 5 லட்சத்துக்குள் இருந்தால் புகார் கொடுக்கக் கட்டணம் கிடையாது, வக்கீல் வைக்க வேண்டிய கட்டாயமும் இல்லை. பிரச்சினை ஏற்பட்டதிலிருந்து இரண்டு வருடத்துக்குள் கொடுத்துவிட வேண்டும்.

தோட்டத்தை நாங்கள் விட்டுவிடவில்லை. இப்போது 12 அங்குலப் பைகள் பன்னிரண்டு இருக்கின்றன. சுவருக்கு மேலே வரும் ஓரங்களில் மட்டும், இரும்பு ஸ்டாண்டின் மேல். தென்னைநார்க் கட்டியை வாங்கி நானே ஊறவைத்து, மூன்று தண்ணீர் மாற்றிப் பிழிகிறேன். உப்பு போகாத நார்க்கழிவில் இலை ஓரம் கருகும். மக்காத நார்க்கழிவு மண்ணிலுள்ள தழைச்சத்தையும் இழுத்துக்கொள்ளும் என்பதால் மக்கியது கிடைத்தால் அதைத்தான் வாங்குகிறேன். இரண்டு பங்கு நார், ஒரு பங்கு தொழுஉரம், ஒரு பங்கு செம்மண். அதே வாளியில் நனைத்து நிறுத்தால் 9 கிலோதான் வருகிறது. ஞாயிற்றுக்கிழமை ஒரு காலைப் பொழுதில் முடிகிற இந்த வேலைக்கு நேரமில்லை என்று நினைத்துவிட்டேனே என்பதுதான் என் வருத்தம். தோட்டக்கலைத் துறை 2013-14 முதலே பை, நார்க்கட்டி, விதை, உயிர் உரம் எல்லாம் அடங்கிய மாடித்தோட்டத் தளையை (கிட்) மானிய விலையில் கொடுத்துவருகிறது. இருப்பு இருக்கிறதா என்று முதலில் அங்கே கேளுங்கள்.

ஆள் வைத்துத்தான் செய்ய வேண்டும் என்றால் நிரப்புகிற நாளில் வீட்டில் இருங்கள். நிரப்பியதில் ஒரு பையை நீங்கள் காட்டும் பையாகப் பார்த்து அடிவரை கொட்டச் சொல்லுங்கள். லேபிள் இல்லாத பாட்டிலை வாசற்படி தாண்ட விடாதீர்கள். நேற்று அக்கா இதைத்தான் அவர்களிடம் போனில் கேட்டார். "கொட்டினா கலவை வீணாயிடும் மேடம்" என்று பதில் வந்திருக்கிறது. முன்பணத்தைத் திருப்பிக் கேட்டிருக்கிறார், இன்னும் வரவில்லை.

ஏற்கெனவே யாரிடமாவது பைகள் நிரப்பி வாங்கியவர்கள், செடி நன்றாக இருந்தாலும் ஒன்றையாவது கொட்டிப் பாருங்கள். கொட்டுவதை வேறு யாரையாவது வீடியோ எடுக்கச் சொல்லுங்கள். மேலே இருக்கும் கறுப்புக் கலவையும் கீழே இருக்கும் இடிபாடும் ஒரே பையிலிருந்து விழுவது அதில் தெரிய வேண்டும். ஆத்திரத்தில் நாங்கள் முதல் ஐந்து பைகளையும் அப்படியே கொட்டிவிட்டோம். ஆறாவது பையில்தான் என் கணவருக்குப் போனை எடுக்கத் தோன்றியது.