‘ஸ்கூட்டர்’ என்று தேடினால் எந்தக் கோடு? ஐசிடி-10-சிஎம் இலவசக் கருவி: விபத்து சார்ட் பார்ப்பவர்களுக்கான மதிப்புரை

பாம்பன் பாலத்தில் ஸ்கூட்டர் மோதிவிட்டது என்றால் ராமநாதபுரத்தில் யாரும் மறுகேள்வி கேட்க மாட்டார்கள். உட்கார்ந்து ஓட்டும், கியர் இல்லாத இருசக்கர வண்டி, அவ்வளவுதான். அதே சொல் அமெரிக்க எமர்ஜென்சி சார்ட்டில் (நோயாளியின் சிகிச்சைக் குறிப்பில்) வந்தால் நான்கு வண்டிகளில் எதுவாகவும் இருக்கலாம்: காலால் உந்திப் போகும் ஸ்கூட்டர், நின்றுகொண்டு போகும் மின் ஸ்கூட்டர், முதியவர்கள் உட்கார்ந்து போகும் மொபிலிட்டி ஸ்கூட்டர், நம்மூர் வண்டி போன்ற மோட்டார் ஸ்கூட்டர். நம் கடற்கரையில் ‘படகு’ என்று மட்டும் சொன்னால் வள்ளமா, வத்தையா, விசைப்படகா என்று கேட்டுவிட்டுத்தான் பேச்சு நகரும். சார்ட்டையும் அப்படிக் கேட்காமல் கோடு (காயத்தையும் விபத்தையும் குறிக்கும் குறியீடு) போடுவதுதான் புதிய கோடர்களிடம் (அந்தக் குறியீட்டைப் போடுபவர்களிடம்) அதிகம் பார்க்கும் தவறு.

கீழக்கரை, மண்டபம், ராமேஸ்வரம் பக்கம் வீட்டிலிருந்தே இந்த வேலையைப் பார்ப்பவர்களுக்கும் தேர்வுக்குப் படிப்பவர்களுக்கும் காசு கட்டி என்கோடர் (கோடு தேடித் தரும் மென்பொருள்) வாங்க வழியில்லாத நேரத்தில் கைகொடுப்பது, அமெரிக்க சிடிசியின் (நோய்க் கட்டுப்பாட்டு மையங்களின்) தேசிய சுகாதாரப் புள்ளியியல் மையம் தரும் ஐசிடி-10-சிஎம் (அமெரிக்க நோய்க் குறியீட்டுத் தொகுதி) தேடல் கருவி. கூடவே பிடிஎஃப், டெக்ஸ்ட் கோப்புகளும் உண்டு. எல்லாம் இலவசம். வாகன மோதல் காயங்களுக்கு இது எவ்வளவு தூரம் போதும் என்பதை மட்டும் இங்கே பார்க்கிறோம். கோடின் ஆங்கில எழுத்துகளைத் தமிழிலேயே தருகிறோம். இங்கே ‘வி’ என்று தொடங்குபவை, விபத்து எப்படி நடந்தது என்று சொல்லும் வெளிக்காரணக் கோடுகள்.

முதலில் நிதியாண்டைத் தேர்ந்தெடுங்கள். ஆண்டு அக்டோபர் 1-ல் தொடங்குகிறது. ஏப்ரல் 1-லும் திருத்தம் வரலாம். நீங்கள் கோடு போடும் தேதி முக்கியமல்ல, நோயாளி சிகிச்சை பெற்ற தேதியே கணக்கு. நின்று போகும் மின் ஸ்கூட்டருக்கான கோடுகள் 2020 அக்டோபர் 1-ல்தான் வந்தன. மோட்டார் சைக்கிள் பிரிவு 2022 அக்டோபர் 1-ல் மின் சைக்கிள், மற்ற மோட்டார் சைக்கிள் என இரண்டாகப் பிரிந்தது. அதற்கு முன் காரில் மோதிய ஓட்டுநருக்கு வி23.4எக்ஸ்எக்ஸ்ஏ சரி. அதற்குப் பின் வி23.49எக்ஸ்ஏ. பழைய கிளெய்மை (காப்பீட்டுப் பணம் கேட்டு அனுப்பும் விண்ணப்பத்தை) மறுபடி அனுப்பும்போது ஆண்டை மாற்ற மறந்தால் ரிஜெக்ட் ஆகித் திரும்பும்.

‘ஸ்கூட்டர்’ என்று தேடும்போதுதான் கருவியின் பலமும் பலவீனமும் ஒன்றாகத் தெரிகின்றன. சொல் எங்கெல்லாம் இருக்கிறதோ அவ்வளவையும் கொண்டுவந்து கொட்டும், எது உங்கள் வண்டி என்று சொல்லாது. பொதுச்சாலையில் கார், வேன், பிக்கப் மோதியது என்று வைத்துக்கொள்வோம். நின்று போகும் மின் ஸ்கூட்டர் என்றால் வி03.131ஏ. காலால் உந்தும் ஸ்கூட்டரும் மொபிலிட்டி ஸ்கூட்டரும் வி03.19எக்ஸ்ஏ-க்குள் சேர்ந்துவிடும். இந்த மூன்றிலும் போனவர் பாதசாரிக் கணக்கு. மோட்டார் ஸ்கூட்டர் ஓட்டியவர் பாதசாரிக் கணக்கிலேயே வரமாட்டார், அவர் வி23.49எக்ஸ்ஏ, பின்னால் உட்கார்ந்தவர் வி23.59எக்ஸ்ஏ. எதுவும் மோதாமல் தானாக விழுந்தால் சேர்ந்திருந்த இரண்டும் பிரிந்துவிடும்: உந்து ஸ்கூட்டர் வி00.141ஏ, மொபிலிட்டி ஸ்கூட்டர் வி00.831ஏ. மின் ஸ்கூட்டருக்கு வி00.841ஏ. இதை மனப்பாடம் செய்வதைவிட, ‘நின்றாரா உட்கார்ந்தாரா, மோட்டார் உண்டா, எதிரே வந்தது என்ன’ என்ற மூன்று கேள்விகளைச் சார்ட்டில் தேடுவது மேல். பெரும்பாலும் டாக்டரின் குறிப்பைவிட ஆம்புலன்ஸ் குறிப்பிலும் ட்ரையாஜ் நர்ஸின் (வந்தவுடன் முதலில் பார்ப்பவரின்) குறிப்பிலும்தான் விடை இருக்கும். அங்கும் இல்லையென்றால் ஊகித்துப் போடாதீர்கள்.

ஸ்கேட்போர்டு இதைவிடத் தெளிவு. எதிரே வந்தது இருசக்கர அல்லது மூன்று சக்கர மோட்டார் வண்டி என்றால் வி02.12எக்ஸ்ஏ. கார், வேன் என்றால் வி03.12எக்ஸ்ஏ. லாரி, பஸ் என்றால் வி04.12எக்ஸ்ஏ. ராமேஸ்வரம் ஷேர் ஆட்டோவை வைத்துப் பழகிப் பாருங்கள்: ஆட்டோ இடித்த ஸ்கேட்போர்டுக்காரர் வி02, அதே மோதலில் ஆட்டோவுக்குள் அடிபட்டவர் வி30 முதல் வி39 வரையிலான பிரிவு. ஒரே விபத்துதான், நோயாளி மாறினால் கோடு மாறுகிறது. ஸ்கேட்போர்டுக்காரர் நடந்துபோனவரை இடித்து, நடந்தவர் ஆஸ்பத்திரிக்கு வந்தால் வி00.02எக்ஸ்ஏ. இடித்தது மின் ஸ்கூட்டர் என்றால் வி00.031ஏ. மோட்டார் வண்டியே இல்லாமல் விழுந்தால் வி00.131ஏ, விளக்குக் கம்பத்தில் மோதினால் வி00.132ஏ. உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 தொகுதியை வைத்துப் படித்தவர்கள் இங்கே திணறுவது இயல்பு: அதில் வி00 என்ற பிரிவே கிடையாது, ஸ்கேட்போர்டில் விழுவது டபிள்யூ02-ல் இருக்கும். அந்தக் கோட்டை அமெரிக்க கிளெய்மில் போடக்கூடாது.

தேடல் கட்டத்தில் பூஜ்யத்துக்குப் பதில் ‘ஓ’ எழுத்தைத் தட்டுவதும் நடக்கிறது. வி-க்குப் பின் வருவது எப்போதும் எண்.

பெரிய குறை ஏழாவது எழுத்தில் இருக்கிறது. டேபுலர் (கோடுகளை எண் வரிசையில் தரும் பட்டியல்) பிடிஎஃப்பில் வி03.12 என்றுதான் அச்சாகியிருக்கும். ஏ (முதல் சிகிச்சை), டி (தொடர் சிகிச்சை), எஸ் (பின்விளைவு) சேர்க்கவேண்டும் என்ற குறிப்பு மேலே, பிரிவின் தலைப்பில் இருக்கும். நடுவில் எக்ஸ் வேண்டும் என்பதை நீங்களே எண்ணிப் பார்த்துத்தான் சேர்க்கவேண்டும்: ஐந்து இடம் உள்ள வி03.12-க்கு எக்ஸ் வேண்டும், ஆறு இடம் உள்ள வி03.131-க்கு வேண்டாம். இதற்கு நல்ல மாற்று, அதே இடத்தில் கிடைக்கும் ‘ஆர்டர் ஃபைல்’ என்ற டெக்ஸ்ட் கோப்பு. நோட்பேடில் திறந்து, புள்ளி இல்லாமல் வி0312 என்று தேடினால் எக்ஸ்ஏ, எக்ஸ்டி, எக்ஸ்எஸ் மூன்றும் முழுப் பெயரோடு வரிசையாக வரும். கோடுக்குப் பின் 1 இருந்தால் கிளெய்மில் செல்லும். 0 இருந்தால் அது வெறும் தலைப்பு. எங்கள் பார்வையில் இந்த ஒரு கோப்புக்காகவே பதிவிறக்கம் செய்யலாம்.

இன்னொரு குறை: கருவி எதையும் சரிபார்க்காது. வெளிக்காரணக் கோடை முதலில் போட்டாலும் அது எச்சரிக்காது, அது உங்கள் பொறுப்பு. சாலையில் ஸ்கேட்போர்டில் போன பையனைக் கார் இடித்து, வலது மணிக்கட்டில் கோலிஸ் முறிவு என்றால் வரிசை இப்படி: எஸ்52.531ஏ, வி03.12எக்ஸ்ஏ, குடியிருப்பு அல்லது கடைத்தெருச் சாலை என்பதற்கு ஒய்92.414, ஸ்கேட்டிங் செயலுக்கு ஒய்93.51, பொழுதுபோக்கு என்பதற்கு ஒய்99.8. ஒய் கோடுகள் மூன்றும் முதல் சிகிச்சையில் ஒரே முறைதான். மாவுக்கட்டைப் பார்க்கத் திரும்பி வரும்போது எஸ்52.531டி, வி03.12எக்ஸ்டி மட்டும் போதும். திறந்த முறிவாக இருந்து காயக் கோடு ‘பி’ என முடிந்தாலும் வி கோடு ‘ஏ’ தான். எலும்பு கூடாமல் ‘கே’ என்று போனால் வி கோடு ‘டி’. வி கோடில் ஏ, டி, எஸ் தவிர வேறு எழுத்தே கிடையாது.

சாலையா, சாலைக்கு வெளியேயா என்பதில் இண்டெக்ஸை (கோடுகளைச் சொல் வரிசையில் தரும் பட்டியலை) மட்டும் நம்பாதீர்கள். அது, எங்கே நடந்தது என்று குறிப்பிடாத .9 கோடுக்கு இழுத்துச் செல்லும். வேறு இடம் குறிப்பிடாத வாகன விபத்து பொதுச்சாலையில் நடந்ததாகவே கொள்ளப்படும் என்ற விளக்கம் இருபதாம் அத்தியாயத்தில், போக்குவரத்து விபத்துகளின் தொடக்கத்தில் இருக்கிறது. அதைப் படித்தபின்தான் கோடைத் தொடவேண்டும். வெளிக்காரண இண்டெக்ஸும் நோய் இண்டெக்ஸும் தனித்தனி என்பதையும் கவனியுங்கள். ‘ஆக்சிடென்ட், டிரான்ஸ்போர்ட், பெடஸ்ட்ரியன், கன்வேயன்ஸ்’ என்று இறங்கினால்தான் ஸ்கேட்போர்டு கிடைக்கும்.

வெளிக்காரணக் கோடு அமெரிக்கா முழுக்கக் கட்டாயமில்லை. மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால்தான் கட்டாயம். ஆகவே உங்கள் கிளையண்ட் தந்த வழிகாட்டியை முதலில் பாருங்கள். விபத்து கிளெய்மில் யார் பணம் கட்டுவது என்ற கேள்வி எழும்போது இந்தக் கோடுதான் பதில் சொல்லும் என்பதால், கேட்காத இடத்திலும் சரியாகப் போட்டுப் பழகுவது நல்லது.

நம்மூருக்கு ஒரு நடைமுறை யோசனை. புது ஆண்டுக் கோடுகள் அமலுக்கு வரும் அக்டோபர் மாதமே வடகிழக்குப் பருவமழையும் தொடங்கும் மாதம். தீவுப் பக்கம் காற்று வீசினால் கரண்டும் நெட்டும் போகும். கோப்புகள் அக்டோபர் 1-க்கு முன்பே வெளியாகிவிடும். செப்டம்பரிலேயே டேபுலர், வெளிக்காரண இண்டெக்ஸ், கைட்லைன், ஆர்டர் ஃபைல் நான்கையும் இறக்கி, ஆண்டு எண்ணைக் கோப்பின் பெயரிலேயே எழுதி வையுங்கள். கூடவே ‘அடெண்டா’ கோப்பையும் எடுத்து, அதில் இருபதாம் அத்தியாயத்தில் சேர்த்தவை, நீக்கியவை என்னென்ன என்று மட்டும் பாருங்கள். கடந்த ஆண்டுக் கோப்புகளை அழிக்காதீர்கள். செப்டம்பர் 30 வரை அடிபட்டு சிகிச்சை பெற்றவர்களின் சார்ட்டுகள் நவம்பரிலும் வந்துகொண்டேதான் இருக்கும்.