அலம்னைக்கு உடைமைக் குறியை எங்கே இடுவது?

ஆங்கிலத்தில் “பழைய மாணவர்களின் கோரிக்கை” என்று எழுத முற்படுபவரின் கை, லத்தீன் பன்மையான “அலம்னை” என்ற சொல்லுக்குப் பின் சற்றே தயங்கும். அபாஸ்ட்ரஃபி என்ற உடைமைக் குறியும் (') எஸ் எழுத்தும் சேர்த்து “அலம்னை'ஸ்” என்பதா, எஸ்ஸுக்குப் பின் குறியிட்டு “அலம்னைஸ்'” என்பதா, இரண்டும் வேண்டாமென்று “ஆஃப்” போட்டுத் திருப்பி எழுதுவதா?

குறியிடுவதானால் முதலாவதே இலக்கணப்படி சரியானது. சொல்லின் பூர்வீகத்தை ஆங்கிலம் விசாரிப்பதில்லை. பன்மை வடிவம் எஸ்ஸில் முடிகிறதா என்று மட்டும் பார்க்கிறது. முடியாவிட்டால் “சில்ட்ரன்'ஸ்” போலவே “அலம்னை'ஸ்”, “பாக்டீரியா'ஸ்”, “மீடியா'ஸ்” என்று வரும். அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் நடைக் கையேடான ஏபி ஸ்டைல்புக் இந்த விதிக்கு “விமன்'ஸ்” என்பதோடு “அலம்னை'ஸ்” என்பதையும் எடுத்துக்காட்டாகத் தருகிறது. “அலம்னைஸ்'” என்பதோ ஏற்கெனவே பன்மையான சொல்லை மறுபடியும் பன்மையாக்குகிறது; “மாணவர்கள்கள்” என்று எழுதுவதற்கு நிகரான பிழை அது.

ஆனால் “இண்டெக்ஸ்”, “அப்பெண்டிக்ஸ்” ஆகியவற்றின் லத்தீன் பன்மைகள் இயல்பிலேயே எஸ்ஸில் முடிவதால், “இண்டிசீஸ்'”, “அப்பெண்டிசீஸ்'” என்று குறி மட்டும் போதும். ஒருமையும் பன்மையும் ஒன்றேயான “ஸ்பீஷீஸ்” என்பதில்தான் சிக்கல் முற்றுகிறது: “ஸ்பீஷீஸ்'” என்று எழுதினால் பேசப்படுவது ஓர் இனமா, பல இனங்களா என்பது அந்தச் சொல்லிலிருந்து தெரியாது, “ஆஃப் திஸ் ஸ்பீஷீஸ்”, “ஆஃப் தீஸ் ஸ்பீஷீஸ்” என்று பிரித்தால் ஐயமே எழாது. (லத்தீனில் “அலம்னோரம்” என்று ஆறாம் வேற்றுமைப் பன்மை வடிவமே உண்டு, ஆங்கிலம் எழுவாய் வடிவத்தை மட்டும் கடன் வாங்கிக்கொண்டு அதை விட்டுவிட்டது.)

குறியே இல்லாத இன்னொரு வழி “அலம்னை அசோசியேஷன்” என்பது. “மாணவர் சங்கம்” என்ற வேற்றுமைத் தொகையைப் போல இதிலும் உருபு மறைந்திருப்பதால், பெயர்ப்பலகைக்கும் பொதுவான வகையைச் சுட்டுவதற்கும் இதுவே நயமானது. குறிப்பிட்ட சிலர் முன்வைத்த கோரிக்கை என்றால் அங்கே தொகை பொருந்தாது; “த அலம்னை'ஸ் டிமாண்ட்” என்றுதான் எழுத வேண்டும்.

கள்ளிச்செடியைக் குறிக்கும் “காக்டஸ்” என்பதற்கு “காக்டை” என்ற லத்தீன் பன்மை, “காக்டஸஸ்” என்ற ஆங்கிலப் பன்மை இரண்டையும் அகராதிகள் ஏற்கின்றன. “காக்டை'ஸ்” கண்ணை உறுத்துகிறது, “காக்டஸஸ்'” நாவை இடறுகிறது. கள்ளிகளின் முட்களைச் சொல்ல நான் “ஸ்பைன்ஸ் ஆஃப் த காக்டை” என்றே எழுதுவேன்.