பாலைவன ரோஜாவா, இம்பாலா அல்லியா?

தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த் பகுதியில், எங்கள் வீட்டு வாசலில் இரண்டும் தொட்டியில் இருக்கின்றன. ஏமன், ஓமன் பக்கத்து வறண்ட மலைச்சரிவுகளில் வளரும் பாலைவன ரோஜா, டர்பன் கோடையில் இளஞ்சிவப்பாய்ப் பூத்துத் தள்ளும். ஆனால் இங்கே மழையும் கோடையில்தான்; ஆண்டுக்குச் சுமார் 1,000 மில்லிமீட்டர். தண்ணீர் தேங்கினால் பருத்த அடித்தண்டு அழுகிவிடும். ஒருமுறை அழுத்திப் பார்த்தேன், வெந்த மரவள்ளிக்கிழங்கு மாதிரி விரல் உள்ளே போனது. அப்புறம் மண்ணில் பாதிக்கு மேல் மணலும் சரளையும் கலந்துதான் அடுத்த செடியைப் பிழைக்க வைத்தேன்.

இம்பாலா அல்லி இந்த நாட்டுச் செடி, க்ரூகர் வனவிலங்குப் பூங்காவில் தானாக வளர்வது. குளிர்காலத்தில் இலை உதிர்ந்த மொட்டைக் கிளையில் பூக்கும்: வெள்ளை இதழ், ஓரத்தில் குங்குமக் கோடு. வளர்ச்சிதான் மெதுவோ மெது. இருந்தாலும் என் ஓட்டு இதற்கே.

இரண்டும் அரளிக் குடும்பம், பால் விஷம். கிளை வெட்டினால் கையைக் கழுவுங்கள்.