ஷினோபு ஹாஷிமோட்டோவின் 'காம்பவுண்ட் சினிமாட்டிக்ஸ்': முதல் பாதிக்காகவே வாங்கலாம்

உதவி இயக்குநராகக் கதை டிஸ்கஷன்களில் உட்கார்ந்து பழகியவன் நான். திரைக்கதை எழுதச் சொல்லித்தரும் புத்தகங்கள் மேல் பெரிய நம்பிக்கை கிடையாது. இது அந்த ரகமில்லை. 'ரஷோமோன்', 'இகிரு', 'செவன் சாமுராய்' மூன்று படங்களையும் ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசவாவுடன் சேர்ந்து எழுதிய மனிதர், எண்பது வயதைத் தாண்டியபின் எழுதிய நினைவுகள். ஜப்பானிய மூலம் 2006இல் வந்தது, நான் படித்தது 2015இல் வந்த ஆங்கில மொழிபெயர்ப்பு.

ஹாஷிமோட்டோ 1918இல் ஹியோகோவில் பிறந்தவர். பட்டாளத்துக்குப் போன கையோடு காசநோய் பிடித்துக்கொள்ள, சானடோரியத்தில் கிடக்கிறார். பக்கத்துக் கட்டில்காரர் நீட்டிய சினிமாப் பத்திரிகையில் ஒரு திரைக்கதை. இவ்வளவுதானா, இதை நானே எழுதுவேனே என்கிறார். நாட்டிலேயே பெரிய திரைக்கதை ஆசிரியர் மன்சாகு இதாமி என்று கேள்விப்பட்டு, எழுதியதை அவருக்கே அனுப்ப, பதிலும் வந்துவிடுகிறது! அப்புறம் ஹிமேஜியில் கம்பெனி வேலை, ரயிலில் போகும்போதும் வரும்போதும் எழுத்து.

ஒரு கதையைத் திரைக்கதையாக்கும்போது எதைக் கவனிப்பாய் என்று இதாமி ஒருமுறை கேட்கிறார். தொழுவத்து மாட்டைத் தினமும் போய்ப் பார்ப்பேன், உயிர்நிலை எதுவென்று தெரிந்ததும் ஒரே அடி, எனக்கு வேண்டியது ரத்தம் மட்டும் என்கிறார் சிஷ்யர். கேட்கவே கொஞ்சம் பயமாக இருக்கிறது. ஆனால் எழுத்தாளர் அகுடகவாவின் சிறுகதையிலிருந்து 'ரஷோமோன்' வந்த விதம் அப்படித்தான்.

என்னை உட்காரவைத்துப் படிக்கவைத்தது 'செவன் சாமுராய்' பகுதி. முதலில் யோசித்தது ஒரே ஒரு சாமுராயின், அதாவது பழைய ஜப்பானியப் போர்வீரனின், ஒருநாள் கதை. மதியச் சாப்பாட்டை அவன் வீட்டிலிருந்து கட்டிக்கொண்டு போவானா, கோட்டையிலேயே போடுவார்களா, அந்தக் காலத்தில் மதியச் சாப்பாடு என்று ஒன்று இருந்ததா? நூலகத்தில் எவ்வளவு தேடியும் விடை இல்லை. அதற்காகவே படத்தைக் கைவிடலாம் என்கிறார் ஹாஷிமோட்டோ, குரோசவா கொதிக்கிறார். சோற்றுக்காக விவசாயிகளிடம் காவலுக்குப் போன சாமுராய்கள் இருந்தார்கள் என்ற தகவல் அதன்பிறகுதான் வருகிறது. அதாமி என்ற ஊரில் ஒரு விடுதியில் இவரும் குரோசவாவும் ஒரே காட்சியைத் தனித்தனியாக எழுதுகிறார்கள். மூன்றாவது எழுத்தாளர் ஹிடியோ ஒகுனி பேனாவைத் தொடாமல் தீர்ப்பு மட்டும் சொல்கிறார். நம் டிஸ்கஷன்களில் தீர்ப்பு சொல்ல ஆளுக்குப் பஞ்சமில்லை, எழுதத்தான் ஆளில்லை.

பின்பாதி தொய்கிறது. முதல் பிரதியை ஒருவர் எழுதி மற்றவர்கள் திருத்தும் முறையை விட்டு, எல்லோரும் நேராக இறுதிப் பிரதிக்கு உட்கார்ந்ததால்தான் குரோசவாவின் படங்கள் சரிந்தன என்ற வாதம் திரும்பத் திரும்ப வருகிறது. குரோசவாவின் பிற்காலப் படமான 'ரான்' மீதான கறார் எனக்கு ஒப்பவில்லை. குரோசவா இல்லாமல் ஹாஷிமோட்டோ எழுதிய 'ஹராகிரி' போன்ற மற்ற படங்களுக்கு இடமும் போதவில்லை. ஆனால் குரோசவா உங்களைச் சந்திக்காமலே இருந்திருக்கலாம் என்று இயக்குநர் யோஷிதாரோ நோமுரா முகத்துக்கு நேராகச் சொன்னதையும் மறைக்காமல் எழுதியிருக்கிறாரே, அந்தத் தைரியம் பிடித்தது.

'செவன் சாமுராய்' பார்க்காதவர்கள் அதைப் பார்த்துவிட்டு வாங்குங்கள். பார்த்தவர்கள் நேராக வாங்கலாம்.