அத்தைக்கு மீசை முளைத்துவிட்டது, அடுத்து? ‘ஹைப்போதெட்டிகல்’ பார்த்து ஆறு வருடம்

“ஒருவேளை இப்படி நடந்தால்?” என்று யாராவது ஆரம்பித்தாலே எங்கள் வீட்டுப் பெரியவர்கள் ஒரே வரியில் அடக்கிவிடுவார்கள். அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா, போய் வேலையைப் பார். பேச்சு அத்தோடு முடிந்துவிடும்.

‘ஹைப்போதெட்டிகல்’ ஷோ அந்த இடத்தில்தான் ஆரம்பிக்கிறது. சரி, அத்தைக்கு மீசை முளைத்தாயிற்று. நாளைக் காலை ஏர்போர்ட்டில் நிற்கிறாள். பாஸ்போர்ட் போட்டோவில் மீசை இல்லை. ஷேவ் பண்ணக்கூடாது, முகத்தை மூடக்கூடாது, விமானத்தையும் விடக்கூடாது. என்ன செய்வாள்? இது ஷோவில் வந்த கேள்வி இல்லை, நானே போட்டது. ஆறு வருடம் பார்த்தால் புத்தி தானாக இப்படி ஓட ஆரம்பித்துவிடும் என்பதற்குச் சொன்னேன்.

தெரியாதவர்களுக்காக: 2019 பிப்ரவரியில் பிரிட்டனின் டேவ் சேனலில் தொடங்கி, 2022 வரை நான்கு சீசன் ஓடிய பேனல் ஷோ இது. கேள்வி கேட்பவர் ஜாஷ் விடிகம். பக்கத்தில் ஜேம்ஸ் அகாஸ்டர். எதிரே காமெடியன்கள் நான்கு பேர். ஜாஷ் நடக்கவே முடியாத ஒரு சூழ்நிலையை வாசிப்பார், இதை எப்படிச் சமாளிப்பீர்கள் என்று கேட்பார். அவர்கள் திட்டம் சொல்லச் சொல்ல ஜேம்ஸ் நிபந்தனை போட்டுக்கொண்டே போவார், கடைசியில் மார்க்கும் அவரே. ஷோ மொத்தமும் இவ்வளவுதான்.

சேனலின் பெயரே எனக்கு முதலில் வேடிக்கையாக இருந்தது. ஒரு டிவி சேனலுக்கு டேவ் என்று ஆள் பெயர். எல்லோருக்கும் டேவ் என்று ஒருவரைத் தெரிந்திருக்கும் என்பதுதான் 2007-இல் அதற்குச் சொன்ன விளக்கம். நம் பக்கம் ஒரு சேனலுக்கு ‘முருகேசன்’ என்று பெயர் வைத்த மாதிரி. 2024-இல் அதை யூ அண்ட் டேவ் என்று மாற்றினார்கள். முருகேசனுக்கு இனிஷியல் போட்டுவிட்டார்கள் என்றான் தம்பி.

ஷோவை முதலில் பார்த்தபோது நான் இங்கிலாந்தின் லீட்ஸ் நகருக்கு வந்த புதிது. லேபில் நைட் ஷிஃப்ட். காலையில் வீட்டுக்கு வந்தால் உடனே தூக்கம் வராது. படிக்க வந்த தம்பி என்னோடுதான் இருந்தான். சோபாவில் ஆளுக்கு ஒரு பக்கம் சாய்ந்துகொண்டு எதையாவது போடுவோம். முதல் எபிசோட் பார்த்தபோது எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆங்கிலம் பிரச்சினை இல்லை, பெயர்கள்தான் பிரச்சினை. எண்பதுகளில் சனிக்கிழமை டிவியில் வந்த யாரோ ஒருவரின் பெயரைச் சொன்னதும் அரங்கமே சிரிக்கும். நான் தம்பியைப் பார்ப்பேன், அவன் போனைப் பார்ப்பான். தேடிக் கண்டுபிடிப்பதற்குள் அடுத்த ஜோக் போயிருக்கும். இதில் நாங்கள் பயன்படுத்திய ஒரு ஆப் வேறு, விட்ட இடத்தை நினைவில் வைக்காது. ஒவ்வொரு நாளும் அதே விளம்பரங்களைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும்.

ஆனாலும் மறுநாள் போட்டோம். காரணம் ஜேம்ஸ்.

கற்பனை ஷோ என்றதும் வாய்க்கு வந்ததை அளந்துவிடும் போட்டி என்றுதான் நினைத்திருந்தேன். ஒருவர் டிராகன் என்பார், அடுத்தவர் டைம் மெஷின் என்பார், கேட்கிற நமக்குக் கொட்டாவி வரும். எதுவும் நடக்கலாம் என்றால் எதுவுமே சிரிப்பில்லை. இங்கே அப்படி அளக்கவே முடியாது. ஒருவர் ஆகாயத்தில் ஏறிப் பறக்கும்போது ஜேம்ஸ் கீழே ஃபைலைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். அதற்கு எவ்வளவு செலவாகும்? அந்த நேரம் உங்கள் அம்மா எங்கே இருப்பார்? இல்லை, அன்றைக்குக் கடை லீவு. முகத்தில் சிரிப்பே இருக்காது. மனக்கோட்டைக்கு ப்ளான் அப்ரூவல் கேட்கிற ஆபீசர் என்று வைத்துக்கொள்ளுங்கள். தனக்குக் கிடைத்த சின்ன அதிகாரத்தை முழுசாக அனுபவிக்கிற ஆள் எப்படிப் பேசுவார், எந்த இடத்தில் பேனாவை மூடி வைப்பார் என்பதெல்லாம் நமக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

நான்கு சீசனையும் குறைந்தது மூன்று முறையாவது பார்த்திருப்பேன். முதல் தடவை பதில்களுக்காகச் சிரித்தேன். இப்போதெல்லாம் பதிலுக்கும் மறுப்புக்கும் நடுவே விழுகிற அந்த ஒரு நொடிக்காகத்தான் பார்க்கிறேன். கெஸ்ட்டுக்குத் தெரிந்துவிடும், தன் திட்டத்தில் ஓட்டை விழப்போகிறது என்று. எந்த ஓட்டை என்று மட்டும் தெரியாது. சிலர் அங்கேயே சரணடைவார்கள். சிலர் இல்லாத விதியை இல்லாத சட்டப்பிரிவு சொல்லி எதிர்ப்பார்கள். அப்படி எதிர்க்கிறவர்கள் வந்த எபிசோட்கள்தான் நிற்கின்றன. தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால் என்று ஜேம்ஸ் நிற்க, அது முயலே இல்லை என்று எதிராளி நிற்க, ஜாஷ் நடுவில் குரல் மேலே போய்க் கீச்சென்று கெஞ்சுவார்.

இந்த இரண்டு பேருமே ஏற்கெனவே அடுத்த பக்கத்தில் உட்கார்ந்து அடிபட்டவர்கள் என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. காமெடியன்களுக்குக் கிறுக்குத்தனமான வேலைகள் கொடுத்து கிரெக் டேவிஸ் மார்க் போடுகிற ‘டாஸ்க்மாஸ்டர்’ ஷோவில் இருவரும் போட்டியாளர்கள். ஜாஷ் 2015-இல் வந்த முதல் சீசனின் வெற்றியாளர். அதில் ஒரு டப்பா பீன்ஸை, ஸ்பகெட்டி வளையங்களை, அரிசியை ஒவ்வொன்றாக எண்ணச் சொல்லியிருந்தார்கள். பாவம், உட்கார்ந்து எண்ணினார். மற்றவர்களுக்கு அந்த டாஸ்க்கே கொடுக்கவில்லை என்பது ஸ்டூடியோவில்தான் தெரிந்தது. 20 பவுண்டில் டாஸ்க்மாஸ்டருக்குப் பரிசு வாங்கு என்றதற்கு, டாஸ்க்மாஸ்டரான கிரெக்கின் பெயரைத் தன் காலிலேயே பச்சை குத்திக்கொண்டு வந்தவரும் இவர்தான். ஜேம்ஸ் 2018-இல், ஏழாவது சீசனில், ஒவ்வொரு மார்க்குக்கும் கிரெக்கோடு மல்லுக்கு நின்றார். மாமியாரிடம் வாங்கிக் கட்டிக்கொண்ட மருமகள் மாமியார் ஆனால் எப்படி இருக்குமோ அப்படித்தான் ‘ஹைப்போதெட்டிகல்’ மேடையில் இரண்டு பேரும்.

‘டாஸ்க்மாஸ்டர்’ ரசிகர்கள் இதை ஏழை வீட்டு டாஸ்க்மாஸ்டர் என்று தள்ளிவிடுவதுண்டு. அங்கே உண்மையிலேயே ஓடுகிறார்கள், விழுகிறார்கள், தர்பூசணியைக் கடித்துக் குதறுகிறார்கள். இங்கே வாய்ப்பேச்சு மட்டும்தானே என்பார்கள். எனக்கு அந்த வாய்ப்பேச்சுதான் வேண்டியிருக்கிறது. பன்னிரண்டு மணி நேரம் நின்றுவிட்டு வந்தவளுக்கு இன்னொருவர் ஓடுவதைப் பார்க்கவே மூச்சு வாங்கும்.

‘வுட் ஐ லை டு யூ’ வேறு ரகம். 2007 முதல் பிபிசியில் வருகிறது. ஒருவர் கதை சொல்வார், அது உண்மையா பொய்யா என்று எதிரணி கண்டுபிடிக்க வேண்டும். பாப் மார்ட்டிமர் வந்தால் நான் காபிக்குக்கூட எழுந்திருக்க மாட்டேன். என் பல் வைத்தியத்தை நானே பார்த்துக்கொள்கிறேன் என்றார் ஒருமுறை. உண்மை! ஆப்பிளை வெறும் கையால் இரண்டாகப் பிளப்பேன் என்றார். அதுவும் உண்மை. அங்கே அபத்தம் வெளியிலேயே இருக்கிறது, அது நிஜமாக நடந்ததா என்பதுதான் கேள்வி. இங்கே நடக்கவில்லை என்பது எல்லோருக்கும் தெரியும். தெரிந்த பிறகும் ஒரு சல்லிக்காசு லாபமில்லாத விஷயத்துக்கு மனிதர்கள் இப்படி உயிரைக் கொடுத்து வாதாடுகிறார்களே, அதில்தான் எனக்குச் சிரிப்பு.

இந்த நாட்டுக்காரர்களுக்கு அது பழைய வழக்கம் போலிருக்கிறது. 1972-இல் பிபிசி ரேடியோவில் தொடங்கி இன்னும் வருகிற ‘ஐம் சாரி ஐ ஹேவன்ட் எ க்ளூ’ நிகழ்ச்சியில் மார்னிங்டன் கிரசன்ட் என்று ஒரு ஆட்டம். ஆளுக்கொரு லண்டன் ஸ்டேஷன் பெயரைச் சொல்லிக்கொண்டே போவார்கள். மார்னிங்டன் கிரசன்ட் என்று முதலில் சொல்பவர் ஜெயித்தவர். அப்புறம் எதற்கு எடுத்த எடுப்பிலேயே சொல்லக்கூடாது? அதற்கு விதிகள் இருக்கின்றனவாம். என்ன விதி என்று யாரும் சொல்ல மாட்டார்கள், ஏனென்றால் அப்படி ஒன்று கிடையாது. ஆனால் ஒரு ஸ்டேஷன் பெயரைச் சொன்னதும் அரங்கம் “ஆஹா, என்ன மூவ்!” என்கிற மாதிரி மூச்சை இழுக்கும். தலைவராக இருந்த ஹம்ஃப்ரி லிட்டில்டன் ஜாஸ் இசைக்காரர். 2008-இல் இறக்கும்வரை இதையெல்லாம் தலையெழுத்தே என்கிற குரலில் நடத்திக்கொண்டிருந்தார். ஸ்டேஷன் நிஜமானதுதான். லண்டன் சுரங்க ரயிலின் நார்தர்ன் லைனில் யூஸ்டனுக்கு அடுத்தது. 1992 முதல் மூடிக் கிடந்து 1998-இல் திறந்தபோது அந்த நிகழ்ச்சிக்காரர்களைக் கூப்பிட்டுத்தான் திறந்தார்கள். லண்டன் போன ஒரு ஞாயிற்றுக்கிழமை வேலை மெனக்கெட்டு அங்கே இறங்கிப் பார்த்தேன். ரத்தச் சிவப்பு ஓடு பதித்த சின்ன ஸ்டேஷன். ஜெயித்த மாதிரி ஒரு நிமிடம் நின்றுவிட்டு அடுத்த ரயில் பிடித்தேன்.

அந்த ஆட்டத்தில் ஆட்டம் இருக்கிறது, விதி இல்லை. ‘ஹைப்போதெட்டிகல்’-இல் விதி மட்டும்தான் இருக்கிறது.

ஜேம்ஸின் இன்னொரு முகத்தையும் சொல்லிவிடுகிறேன். இன்னொரு காமெடியன் எட் கேம்பிளோடு சேர்ந்து அவர் 2018 கடைசியில் ஆரம்பித்த ‘ஆஃப் மெனு’ பாட்காஸ்ட். ஒரு கற்பனை உணவகம், அதில் ஜேம்ஸ்தான் சர்வர், அதுவும் பூதம். வருகிற விருந்தாளி தன் கனவுச் சாப்பாட்டைச் சொல்லலாம். என்றோ மூடிப்போன கடையின் கேக்கும் கிடைக்கும், செத்துப்போன பாட்டியின் சூப்பும் கிடைக்கும். ஷோவில் எதற்கும் முடியாது என்கிற அதே ஆள் இங்கே எதைக் கேட்டாலும் தருகிறார். நடுவில் திடீரென்று பப்படமா பிரெட்டா என்று விருந்தாளியிடம் தொண்டை கிழியக் கத்துவார்: “பாப்படம்ஸ் ஆர் பிரெட்!” முதல் தடவை கேட்டபோது கையிலிருந்த பைப்பெட் நழுவியது. நம்முடைய பப்படம்தான் அது. வார்த்தை நம் பக்கத்திலிருந்து கப்பலேறிப் போய், கெட்டரிங்கில் பிறந்த ஒருவர் வாயில் இப்படி வெடிக்கிறது. எனக்குப் பப்படம், பிரெட் பக்கத்து வீட்டுக்கு.

குறைகள் இல்லாமல் இல்லை. மார்க் போடுவது வெறும் சடங்கு. யார் ஜெயித்தார் என்று எபிசோட் முடிந்த ஐந்தாவது நிமிடம் கேட்டால் எனக்கே சொல்லத் தெரியாது. வெட்டி ஒட்டியிருப்பது பல இடங்களில் தெரிகிறது. நல்ல வாக்குவாதம் சூடு பிடிக்கும்போது சட்டென்று அடுத்த கேள்விக்குத் தாவிவிடும். பிரபலங்களை வைத்துப் பண்ணிய கேள்விகள் சீக்கிரம் ஊசிப்போகின்றன. மூன்றாவது முறை பார்க்கும்போது அவற்றை ஓட்டிவிடுகிறேன். வீடு, வேலை, அக்கம்பக்கம், அவமானம் என்று போகிற கேள்விகள் கெடவே இல்லை. ஊரிலிருந்து முதல்முறையாகப் பிரிட்டிஷ் பேனல் ஷோ பார்க்கப்போகிறவர்கள் இதிலிருந்து ஆரம்பிக்க வேண்டாம். ‘வுட் ஐ லை டு யூ’வில் பழகிவிட்டு வாருங்கள். யூடியூபில் இதன் துண்டுகள் கிடைக்கும், ருசி பார்க்க அது போதும்.

எங்கள் வீட்டில் ஷோ முடிந்தாலும் ஆட்டம் முடியவில்லை. 2020-இல் ஊரே அடைந்து கிடந்தபோது தம்பிக்கு ஒரு கேள்வி போட்டேன். இந்த வாடகை வீட்டின் மாடி அறையில் ஒரு குதிரையை ஆறு மாதம் வைத்திருக்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை ஏஜென்ட் வந்து வீட்டைப் பார்ப்பார். குதிரை வெளியே போகக்கூடாது.

“அக்கா, தரையெல்லாம் மெத்தை போட்டுட்டா சத்தம் கேட்காதுல்ல?”

“மெத்தை வாங்க உன்கிட்ட நாற்பது பவுண்டுதான் இருக்கு.”

“சாணி?”

“நீதான் சொல்லணும்.”

இரண்டு நாள் யோசித்தான். ஏஜென்ட் வருகிற அன்று குளியலறையில் தண்ணீர் ஒழுகுகிறது என்று சொல்லி அவரைக் கீழேயே நிறுத்திவிடுவேன் என்றான். ஒழுகல் என்று ஒரு தடவை சொல்லிவிட்டால் எந்த ஏஜென்டும் மாடிக்கு வர மாட்டார், ரிப்பேர் செலவு தன் தலையில் விழும் என்று பயம் என்றான். அதை மறுக்க என்னால் முடியவில்லை. அந்த வருடம் எங்கள் வீட்டில் நிஜமாகவே ஒழுகிக்கொண்டிருந்தது. நான்கு மெயில் அனுப்பியும் ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. பத்துக்கு ஒன்பது போட்டேன்.

இப்போது அவன் கிளாஸ்கோவில் வேலையில் இருக்கிறான். போன மாதம் ராத்திரி ஷிஃப்ட் பிரேக்கில் போன் வந்தது. என்னவோ ஏதோ என்று எடுத்தேன்.

“அக்கா, அந்த ஒரு மார்க் எதுக்குக் குறைச்ச?”

“ஆறு மாசம் கழிச்சு அதை எப்படிக் கீழே இறக்குவேன்னு நீ சொல்லவே இல்லையே.”

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. “யோசிச்சுட்டுக் கூப்பிடுறேன்” என்று வைத்துவிட்டான்.