கரண்ட் அபராதத்துக்கு நான் போன வக்கீல் அலுவலகம்

வீட்டு இணைப்பில் முன்அறையில் ஜெராக்ஸ் கடை போட்டிருந்தோம், அது அனுமதியில்லாத பயன்பாடு என்று 12 மாதத்துக்குக் கணக்குப் போட்டு, இரண்டு மடங்கு கட்டணத்தில் நோட்டீஸ் வந்துவிட்டது. நான் நுகர்வோர் நீதிமன்றம் போகத்தான் இருந்தேன். வேண்டாம் என்று முதல் நாளே தடுத்தார் வக்கீல். மின்சாரச் சட்டம் 2003-இன் 126-வது பிரிவு மதிப்பீட்டை, அதாவது இப்படி அனுமதியில்லாத பயன்பாட்டுக்குப் போடும் கணக்கை, அங்கே எதிர்க்க முடியாது என்று அனிஸ் அகமது வழக்கில் உச்ச நீதிமன்றம் 2013-லேயே சொல்லிவிட்டதாம், சிவில் கோர்ட்டுக்கும் 145-வது பிரிவு தடை.

அவர் செய்த நல்ல வேலை இதுதான்: பயன்பாடு எப்போது தொடங்கியது என்று தெரியாவிட்டால்தான் 12 மாதம், தெரிந்தால் அந்தக் காலத்துக்கு மட்டும்தான். மிஷின் வாங்கிய ரசீதையும் பழைய மீட்டர் ரீடிங்கையும் வைத்து ஆட்சேபணை எழுதி, விசாரணைக்கும் கூடவே வந்தார், இறுதி உத்தரவில் கணக்கு 4 மாதமாகக் குறைந்தது. அதற்கு மேல் 127-வது பிரிவில் மேல்முறையீடு செய்ய 30 நாள்தான் இருக்கிறது, பாதித் தொகையையும் முதலில் கட்டவேண்டும் என்று தெளிவாகச் சொன்னார், நாங்கள் மேல்முறையீட்டுக்குப் போகாமல் அந்த 4 மாதக் கணக்கையே கட்டி முடித்துவிட்டோம்.

குறை என்றால், போனை எடுக்கவே மாட்டார்கள். ஃபீஸையும் எழுதித் தரவில்லை, கேட்டு வாங்குங்கள். அப்புறம், நோட்டீஸ் வந்த அன்றைக்கே போங்கள், நான் ஒரு வாரம் வீணாக்கினேன்.